நிலவில் தெரியும் எழுத்து

(குறுவள மையக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



இன்றைய கூட்டத்தின் பொருள் வாசிப்புத் திறன். அட்டவணை, அடைவுத் தேர்வு, பதிவேடு பற்றியெல்லாம் மற்றவர்கள் விரிவாகப் பேசிவிட்டார்கள். நான் கொஞ்ச நேரம் கதை பேசலாம் என்று வந்திருக்கிறேன். ஒரு கற்பனை உலகத்தில், நிலா வெளிச்சத்திலும் நெருப்பிலும் ஒளிர்கிற மாய எழுத்துகளின் கதை. 'ஆறாம் வகுப்புக்கு வந்தும் எழுத்துக் கூட்டத் தெரியவில்லை என்று நாம் தவித்துக்கொண்டிருக்கும்போது மாய எழுத்து எதற்கு?' என்று சிலர் நினைக்கலாம். அந்தத் தவிப்புக்காகத்தான் இந்தக் கதையை எடுத்தேன். அதைப் படைத்தவரும் நம்மைப் போல வகுப்பறையில் மொழி கற்பித்தவர்தான்.

அவர் பெயர் ஜே.ஆர்.ஆர். டோல்கீன். 1892-இல் தென்னாப்பிரிக்காவில் பிறந்து, சிறுவயதிலேயே இங்கிலாந்துக்கு வந்துவிட்டவர். இளம் வயதில் தந்தையை இழந்தவர். தொடக்கக் கல்வியைத் தாயிடம் கற்றார். இலத்தீனையும் அழகான கையெழுத்தையும் அவருக்குக் கற்றுக்கொடுத்தது அந்தத் தாய்தான். அந்தத் தாயும் அவருக்குப் பன்னிரண்டு வயதானபோது இறந்துபோனார். முதல் உலகப்போரில் போர்முனைக்குப் போய் வந்தபின், ஆக்ஸ்போர்டு ஆங்கில அகராதிப் பணியில் சிறிது காலம் இருந்தார். சொற்களின் வேர் தேடும் வேலை அது. 1925 முதல் 1959 வரை ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தார். அவர் நடத்தியது பழைய ஆங்கிலமும் அதன் இலக்கியமும்.

அவர் எழுதிய 'தி ஹாபிட்' 1937-இல் வெளிவந்தது. அந்தக் கையெழுத்துப் பிரதியைப் படித்துக் கருத்துச் சொல்லும் வேலையைப் பதிப்பாளர் யாரிடம் கொடுத்தார் தெரியுமா? பத்து வயதான தன் மகனிடம். அந்தச் சிறுவன் நன்றாக இருக்கிறது என்று எழுதிக் கொடுத்தான். அதற்கு அவனுக்குக் கூலி ஒரு ஷில்லிங். குழந்தைகள் நூலைப் பற்றிக் குழந்தையிடமே கேட்டார்கள் என்பதை நாம் குறித்துவைத்துக்கொள்ளலாம். அதன் தொடர்ச்சியான 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' 1954, 1955 ஆண்டுகளில் மூன்று பகுதிகளாக வந்தது. திரைப்படமாக நம் பிள்ளைகள் பலரும் பார்த்திருப்பார்கள்.

இந்த இரண்டு நூல்களிலும் ஒளிரும் எழுத்துகள் முக்கியமாக மூன்று இடங்களில் வருகின்றன. மூன்றும் மூன்று வகை. ஓர் எழுத்து கண்ணுக்குத் தெரிவதற்கும், அதைப் படிப்பதற்கும், படித்ததைப் புரிந்துகொள்வதற்கும் இடையே உள்ள தூரத்தை அந்த மூன்று இடங்களும் படிப்படியாகக் காட்டுகின்றன. ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

முதலாவது, நிலா எழுத்து.

'தி ஹாபிட்' கதையில் சித்திரக்குள்ளர் கூட்டம் ஒன்று, டிராகன் பறித்துக்கொண்ட தங்கள் மலையை மீட்கப் புறப்படுகிறது. அவர்களிடம் முன்னோர் வரைந்த ஒரு வரைபடம் இருக்கிறது. கேண்டால்ஃப் என்ற மந்திரவாதி அதைப் பல ஆண்டுகள் வைத்திருந்து கூட்டத்தின் தலைவன் தோரினிடம் கொடுத்தவர். அந்த மலையின் ரகசியக் கதவு பற்றி அதில் எழுதியிருக்கிறது. ஆனால் கதவை எங்கே, எப்போது திறப்பது என்ற குறிப்பைக் காணவில்லை. வழியில் எல்ரோண்ட் என்ற அறிஞரின் வீட்டில் தங்குகிறார்கள். கோடைநடு நாளுக்கு முந்தைய இரவு. வானத்தில் பிறைநிலா. எல்ரோண்ட் வரைபடத்தைத் தூக்கி நிலவுக்கு நேரே பிடிக்கிறார். அதுவரை வெறும் தாளாக இருந்த இடத்தில் எழுத்துகள் வெள்ளியாக மின்னுகின்றன.

அந்த எழுத்துக்கு ஒரு விதி உண்டு. நிலவு பின்னால் இருந்து ஒளி வீசினால்தான் அது தெரியும். அதிலும் நுட்பமான வகை, எழுதப்பட்ட நாளில் எந்தப் பருவமோ, நிலா எந்த வடிவமோ, அதே பருவத்தில் அதே வடிவ நிலவில் மட்டுமே தெரியும். எல்ரோண்ட் அதைப் படித்துச் சொன்னபிறகுதான் சாவித்துவாரத்தை எந்த நாளில், எந்த ஒளியில் தேட வேண்டும் என்று குள்ளர்களுக்குத் தெரிகிறது. அந்த ஓர் இரவு தவறியிருந்தால் பயணமே வீண். இத்தனை காலம் வரைபடத்தைக் கையில் வைத்திருந்த கேண்டால்ஃபுக்கும் தோரினுக்கும், வேறொருவர் முதலில் கண்டுபிடித்துவிட்டாரே என்று கொஞ்சம் வருத்தம்கூட வந்ததாம். நம் வகுப்புப் பிள்ளை பக்கத்து வகுப்பு ஆசிரியரிடம் சரளமாகப் படித்துக்காட்டினால் நமக்கு வருகிற வருத்தம் இருக்கிறதே, அதே வருத்தம்.

நண்பர்களே, இதில் நமக்கான செய்தி என்ன? எழுத்து அங்கேதான் இருந்தது. பார்த்தவர்களுக்குக் கண்ணும் இருந்தது, அறிவும் இருந்தது. வெளிச்சம் மட்டும் சரியாக அமையவில்லை.

நம் வகுப்பறையில் இதை முதலில் நேரடிப் பொருளிலேயே எடுத்துக்கொள்ள வேண்டும். சன்னல் வெளிச்சம் கரும்பலகையில் பட்டுப் பளபளத்தால், ஒரு பக்கத்து வரிசைக்கு எழுத்தே தெரியாது. என் வகுப்பில் ஒரு மாணவி, பலகையைப் பார்க்காமல் எப்போதும் பக்கத்துப் பெண்ணின் குறிப்பேட்டைப் பார்த்தே எழுதுவாள். முன்வரிசைக்கு மாற்றினோம். பிறகு பள்ளிக்கு வந்த மருத்துவக் குழு பரிசோதித்துக் கண்ணாடி கொடுத்தது. அதுவரை அவள் பெயர் பதிவேட்டில் 'மெல்லக் கற்போர்' பட்டியலில் இருந்தது. வாசிப்புப் பயிற்சி தொடங்குவதற்கு முன் ஒவ்வொரு பிள்ளையையும் கடைசி பெஞ்சில் உட்கார வைத்து, பலகையில் உள்ள நான்கு எழுத்தைச் சொல்லச் சொல்லுங்கள். ஒரு பாடவேளை போதும்.

அடுத்தது, அந்தப் பருவ விதி. எழுதப்பட்ட நாளின் நிலவில்தான் எழுத்து தெரியும் என்கிறது கதை. பாடநூலை விரித்தால் வாய் திறக்காத ஒரு பையன், பேருந்து நிறுத்தத்தில் தூரத்தில் வரும் பேருந்தின் பெயர்ப்பலகையை எல்லாருக்கும் முன்னால் படித்துச் சொல்வான். ஊரில் கபடிப் போட்டிச் சுவரொட்டி ஒட்டினால் அணிகளின் பெயரை வரிசையாகப் படிப்பான். அவன் எழுத்தைக் கற்றுக்கொண்ட இடம் அதுதான். அந்த வெளிச்சத்தில் அவனுக்கு எழுத்து தெரிகிறது. நாம் அங்கிருந்து தொடங்கிப் பாடநூலுக்கு அழைத்து வர வேண்டும். பேருந்துப் பலகை, ரேஷன் அட்டை, மளிகைச் சீட்டு, திருமண அழைப்பிதழ் என்று ஒரு பை நிறைய வகுப்பில் வைத்துக்கொண்டால், யாருக்கு எந்த நிலவு என்று ஒரு வாரத்தில் தெரிந்துவிடும்.

இந்த நிலா எழுத்தைப் பற்றி இன்னொரு சுவையான செய்தி. நூலில் அச்சிடும்போது, நிலா எழுத்துகளைத் தாளின் பின்புறத்தில் திருப்பி அச்சிட வேண்டும், வாசகர் தாளை வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடித்தால் முன்பக்கம் வழியே தெரிய வேண்டும் என்று டோல்கீன் விரும்பினார். அது நடக்கவில்லை. முன்பக்கத்திலேயே அச்சிட்டார்கள். அவருக்கு நடக்காதது நம் வகுப்பில் நடக்கும். அதைக் கடைசியில் சொல்கிறேன்.

இரண்டாவது, நெருப்பு எழுத்து.

'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' கதையின் மையம் ஒரு மோதிரம். பார்க்க வழவழப்பான, வேலைப்பாடு இல்லாத பொன் மோதிரம். கேண்டால்ஃப் அதை வாங்கிக் கணப்பு நெருப்பில் போடுகிறார். எடுத்துப் பார்த்தால் உள்ளும் புறமும் தீக்கோடுகளாக எழுத்துகள் ஓடுகின்றன. மோதிரத்துக்கு உரிய ஃப்ரோடோ அதை உற்றுப் பார்க்கிறான். எழுத்து தெளிவாகத் தெரிகிறது. ஆனால் அவனால் படிக்க முடியவில்லை. முதல் கதையில் வெளிச்சம் இல்லை. இங்கே வெளிச்சம் இருக்கிறது, வாசிப்பு இல்லை.

கேண்டால்ஃப் அவனுக்கு விளக்கம் சொல்கிறார். எழுத்து, எல்ஃப் என்ற இனத்தாரின் பழைய எழுத்து. மொழியோ அவர்களுடையது அன்று. பகைவனாகிய தீய அரசனின் நாட்டு மொழி. அழகான எழுத்தில் கொடிய வாசகம். எழுத்து வேறு, மொழி வேறு என்ற மொழியியல் பாடத்தை ஒரு மோதிரத்தில் பொறித்துவைத்துவிட்டார் டோல்கீன்.

இதை நம் பிள்ளைகளுக்குப் புரியவைப்பது எளிது. செல்போனில் 'வணக்கம்' என்பதை ஆங்கில எழுத்தில் தட்டுகிறார்களே, அங்கே எழுத்து எது, மொழி எது என்று கேளுங்கள். உடனே சொல்லிவிடுவார்கள். மேல் வகுப்புப் பிள்ளைகளுக்கு மாங்குளம் கல்வெட்டைச் சொல்லலாம். மதுரைக்கு அருகில் மாங்குளம் குகைகளில் இருக்கும் எழுத்துகளை 1882-இல் ராபர்ட் சீவெல் வெளியுலகுக்குத் தெரிவித்தார். எழுத்து பிராமி என்பது தெரிந்தது. ஆனால் அதில் எழுதியிருப்பது தமிழ்தான் என்று கே.வி. சுப்பிரமணிய ஐயர் நிறுவியது 1924-இல். இடையில் நாற்பது ஆண்டுகளுக்கு மேல். வடிவம் கண்முன் இருந்தும், அதற்குள் இருந்த மொழி நம் மொழி என்று தெளிய அத்தனை காலம் ஆயிற்று.

இந்த வேறுபாட்டை நாம் அன்றாடம் வகுப்பில் சந்திக்கிறோம். வெளி மாநிலத்திலிருந்து வேலைக்கு வந்த குடும்பத்தின் பிள்ளை நம் பள்ளியில் சேர்கிறது. ஆறு மாதத்தில் தமிழ் எழுத்துகளைக் கூட்டிக் கணீரென்று படிக்கிறது. கேள்வி கேட்டால் திகைக்கிறது. எழுத்து வந்துவிட்டது, மொழி இன்னும் வரவில்லை. அந்தப் பிள்ளைக்கு இன்னொரு வாய்ப்பாடு தேவையில்லை. பேச்சு வேண்டும், விளையாட்டு வேண்டும், கூடப் பேசும் தோழர்கள் வேண்டும். இதற்கு நேர்மாறாக, வீட்டில் மணிக்கணக்கில் கதை பேசும் பிள்ளை எழுத்தைக் கண்டால் நின்றுவிடுகிறது. அதற்கு மொழி இருக்கிறது, எழுத்துதான் வேண்டும். இருவரையும் ஒரே பட்டியலில் எழுதி, ஒரே பயிற்சித் தாளைக் கொடுத்தால் இருவருக்கும் பயன் இல்லை.

இந்த மோதிரக் கதையில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி ஒன்று உண்டு. கேண்டால்ஃபுக்கு அந்த மோதிரத்தில் எழுத்து இருப்பது எப்படித் தெரியும்? பல தலைமுறைகளுக்கு முன் இசில்டூர் என்ற அரசன் அந்த மோதிரத்தைக் கைப்பற்றியபோது அது சூடாக இருந்தது. அதில் தெரிந்த எழுத்து மெல்ல மங்கத் தொடங்கியது. அதன் பொருள் அவனுக்குத் தெரியாது. ஆனாலும் மறைந்துவிடக் கூடாதே என்று பார்த்தபடியே ஒரு சுருளில் வரைந்துவைத்தான். அந்தச் சுருளை ஒரு பழைய ஏட்டறையில் தேடிக் கண்டுபிடித்துத்தான் கேண்டால்ஃப் உண்மையை அறிகிறார். பொருள் தெரியாமல் எழுதிய படிதான் கடைசியில் அந்த உலகத்தைக் காப்பாற்றுகிறது.

நம் வகுப்புகளில் இசில்டூர்கள் நிறைய. "பார்த்து முத்து முத்தாக எழுதுவான் சார், ஒரு வரி படிக்கத் தெரியாது" என்று நாமே ஆசிரியர் அறையில் சொல்கிறோம். சொல்லும்போது அதில் கொஞ்சம் ஏளனமும் இருக்கும். ஆனால் எண்ணிப் பாருங்கள். சுழி, கொம்பு, கால், புள்ளி எதுவும் பிசகாமல் வரைகிற கண்ணும் கையும் அந்தப் பிள்ளையிடம் இருக்கின்றன. பாதி வேலை முடிந்திருக்கிறது. அவன் எழுதிய குறிப்பேட்டையே அவனுடைய வாசிப்பு நூலாக்குங்கள். அவன் எழுதிய வரியில் 'ம' எங்கெல்லாம் வருகிறது என்று வட்டமிடச் சொல்லுங்கள். அவன் பெயரில் உள்ள எழுத்து எங்கே வருகிறது என்று தேடச் சொல்லுங்கள். அச்சு நூலைக் கண்டு அஞ்சுகிற பிள்ளை, தன் கையெழுத்தைக் கண்டு அஞ்சுவதில்லை. இதை என் வகுப்பில் செய்து பார்த்தே சொல்கிறேன்.

மூன்றாவது, கதவு எழுத்து.

அதே நூலில், பயணக் கூட்டம் மோரியா என்ற நிலத்தடி நகரின் மேற்குக் கதவுக்கு முன் வந்து நிற்கிறது. பாறைச்சுவரில் கதவு இருக்கும் அடையாளமே இல்லை. கதவின் கோலங்களையும் எழுத்துகளையும் 'இத்தில்தின்' என்ற உலோகத்தால் இழைத்திருக்கிறார்கள். அது நிலவொளியையும் விண்மீன் ஒளியையும் மட்டுமே பிரதிபலிக்கும். நிலா எழுகிறது. கேண்டால்ஃப் கையால் தடவிச் சில சொற்களைச் சொல்கிறார். வெள்ளிக் கோடுகள் மெல்லத் துலங்குகின்றன.

இங்கே வெளிச்சம் இருக்கிறது. எழுத்து தெரியும். மொழியும் கேண்டால்ஃபுக்கு நன்றாகத் தெரியும். உரக்கப் படித்தும் காட்டுகிறார். நண்பனை விளித்து, பேசிவிட்டு உள்ளே வரும்படி சொல்வதாக அவர் பொருள் கொள்கிறார். ஆக, பேச வேண்டிய மந்திரச் சொல் எது? தனக்குத் தெரிந்த மந்திரங்களையெல்லாம் சொல்லிப் பார்க்கிறார். கதவு அசையவில்லை. நேரம் ஓடுகிறது. ஓநாய்களின் ஊளை கேட்கிறது.

கடைசியில்தான் விளங்குகிறது. 'நண்பன்' என்பது விளி இல்லை. சொல்ல வேண்டிய சொல்லே அதுதான். 'நண்பன் என்று சொல், உள்ளே வா' என்பதே பொருள். எல்ஃப் மொழியில் 'மெல்லோன்' என்கிறார். கதவு திறந்துகொள்கிறது.

இலக்கண ஆசிரியர்கள் இதைக் கேட்டால் சிரிப்பார்கள். எட்டாம் வேற்றுமையா இரண்டாம் வேற்றுமையா என்ற ஒரு கேள்வி, மலைக்கதவை அடைத்துவைத்திருந்தது. நம்மிடம் இதற்குச் சான்று நிறைய. 'செம்பொன்பதின்றொடி' என்ற இலக்கண எடுத்துக்காட்டு உங்களுக்குத் தெரியும். செம்பொன் பதின் தொடி என்று பிரித்தால் பொன், பத்துத் தொடி. செம்பு ஒன்பதின் தொடி என்று பிரித்தால் செம்பு, ஒன்பது தொடி. பிரிக்கும் இடம் மாறினால் பொன் செம்பாகிவிடும்! சிறு பிள்ளைகளுக்கு எளிதாக வேண்டுமானால், 'அக்கா வீட்டுக்குப் போனாள்' என்று பலகையில் எழுதுங்கள். அக்காதான் போனாளா, அக்காவின் வீட்டுக்கு வேறு யாரோ போனாளா, அல்லது அக்காவைக் கூப்பிட்டு 'அவள் வீட்டுக்குப் போய்விட்டாள்' என்று சொல்கிறோமா? மூன்று விதமாகப் படிக்கச் சொல்லுங்கள். காற்புள்ளி எதற்கு என்று அதற்குப்பின் யாரும் கேட்க மாட்டார்கள்.

இந்தக் காட்சியில் கவனிக்க வேண்டிய ஒருவன் இருக்கிறான். மெரி என்ற இளம் ஹாபிட். உருவத்தில் சிறியவன். மந்திரம் அறியாதவன். அந்த வாசகத்துக்கு என்ன பொருள் என்று எடுத்த எடுப்பிலேயே அவன் எளிமையாகக் கேட்டுவிடுகிறான். அந்த நேரத்தில் அந்தக் கேள்வி யார் காதிலும் ஏறவில்லை. கதவு திறந்தபிறகு, சரியான தடத்தில் போனவன் மெரிதான் என்று கேண்டால்ஃபே ஒத்துக்கொள்கிறார். திரைப்படத்தில் இந்த இடத்தை மாற்றி, ஃப்ரோடோ கண்டுபிடிப்பதாக வைத்திருக்கிறார்கள். படம் பார்த்த பிள்ளைகள் அப்படித்தான் சொல்வார்கள். நூலில் வேறு மாதிரி இருக்கிறது என்று சொன்னால், நூலைத் தேட அதுவே ஒரு தூண்டுதல்.

வகுப்பில் ஒரு செய்யுளை நடத்திக்கொண்டிருக்கிறோம். பின்வரிசையிலிருந்து ஒரு குரல், "இதுக்கு என்னங்க ஐயா அர்த்தம்?" என்று கேட்கிறது. பாடம் முடிக்கும் அவசரத்தில் "அப்புறம் சொல்றேன், உக்காரு" என்கிறோம். அது மெரியின் கேள்வி. சரளமாக வாசிக்கிற வகுப்பில்தான் அந்தக் கேள்வி மிகவும் தேவை. தடங்கல் இல்லாமல் வாசிப்பதைக் கேட்டதும், புரிந்துவிட்டது என்று நாம் முடிவுகட்டிவிடுகிறோம்.

இந்த மூன்றையும் சேர்த்துப் பார்த்தால் நமக்கு ஒரு சிறு சோதனை முறை கிடைக்கிறது. ஒரு பிள்ளை படிக்கவில்லை என்றால் மூன்று கேள்வி. எழுத்து அதன் கண்ணுக்குத் தெரிகிறதா? தெரிந்த எழுத்தை ஒலியாக்கவும் அந்த மொழியில் பேசவும் வருகிறதா? ஒலித்ததன் பொருள் புரிகிறதா? எந்தக் கேள்வியில் பிள்ளை நிற்கிறதோ, அங்கே நாமும் போய் நிற்க வேண்டும். 'படிக்காதவன்' என்ற ஒரே சொல் இந்த மூன்றையும் மூடி மறைத்துவிடுகிறது. அந்தச் சொல்லோடு எட்டாம் வகுப்பைத் தாண்டிய பிள்ளைகள் பிறகு பள்ளிப்பக்கமே வராமல் போனதை நாம் எல்லாரும் பார்த்திருக்கிறோம்.

இனி, இந்த எழுத்துகளின் அமைப்பைப் பற்றிச் சில வார்த்தை. மோதிரத்திலும் கதவிலும் இருக்கும் எழுத்தின் பெயர் 'டெங்வார்'. டோல்கீன் தாமே உருவாக்கியது. அடிப்படை எழுத்துகள் 24. ஒவ்வொன்றிலும் ஒரு தண்டு, ஒரு வளைவு. நான்கு நிரல், ஆறு வரிசையாக அவற்றை அடுக்கியிருக்கிறார். வாயில் ஒரே இடத்தில் பிறக்கும் ஒலிகள் ஒரே நிரலில் வரும். வளைவை இரட்டித்தால் 'ட' ஒலி அதிர்ந்து 'டீச்சர்' என்பதன் முதல் ஒலி 'டாக்டர்' என்பதன் முதல் ஒலியாக மாறும். தண்டை மேலே தூக்கினால் காற்று உரசும் ஒலி. உயிரொலிகளுக்குத் தனி எழுத்து எழுதாமல், பெரும்பாலும் மெய்யின் தலைமேல் ஒரு குறி இடுவார்கள்.

இதைப் படிக்கும்போது நமக்குப் பழகிய வீடாகத் தோன்றுகிறது. க-ங, ச-ஞ, ட-ண, த-ந, ப-ம என்று இன எழுத்துகளை நாம் இணைத்து ஓதுகிறோம். எந்த ஒலி வாயில் எங்கே பிறக்கிறது என்று தொல்காப்பியத்தின் பிறப்பியல் வகுத்துச் சொல்கிறது. உயிர்மெய்க்கு நாமும் மெய்யோடு குறிதான் சேர்க்கிறோம். டோல்கீன் நம்மைப் பார்த்துச் செய்தார் என்று நான் சொல்ல வரவில்லை. மனித வாயை உற்றுக் கவனித்தவர்கள் எல்லாரும் ஏறத்தாழ ஒரே அடுக்குக்கு வந்து சேர்கிறார்கள். பிறப்பியலை மனப்பாடமாக ஒப்பிக்கிற பிள்ளை, ஒரு புது எழுத்தை உருவாக்கிப் பார்த்தால் அதன் பொருளைத் தொட்டு உணரும்.

இப்போது செயல்பாடுகள். மூன்றுமே செலவில்லாதவை.

முதல் செயல்பாடு, நிலா வரைபடம். ஒரு மெல்லிய தாளில் பள்ளியின் வரைபடம். இன்னொரு தாளில் கருப்பு மையால் ஒரு குறிப்பு, 'வேப்பமரத்தின் கிழக்கே பத்தடி' என்பது போல. எழுத்துப் பக்கம் வரைபடத் தாளின் முதுகில் படும்படி வைத்து ஓரங்களை மட்டும் ஒட்டிவிடுங்கள். மேசையில் வைத்தால் வெறும் வரைபடம். சன்னல் வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால் எழுத்து தெரியும். டோல்கீன் தம் நூலில் விரும்பியது இதைத்தான். குறிப்பைப் படித்தால்தான் அடுத்த குறிப்பு கிடைக்கும் என்று வைத்தால், எந்தப் பிள்ளையையும் 'படி' என்று சொல்ல வேண்டியிருக்காது.

இரண்டாம் செயல்பாடு, தீ எழுத்து. கெட்டியான சோப்புக் கரைசலில் பஞ்சுக்குச்சியைத் தொட்டு வெள்ளைத்தாளில் எழுதிக் காயவிடுங்கள். அதன்மேல் மஞ்சள்தூள் கரைத்த நீரைத் தடவினால், தாள் மஞ்சளாகவும் எழுத்து சிவப்பாகவும் தெரியும். மஞ்சள் காரத்தைக் காட்டும் நிறங்காட்டி என்ற அறிவியல் பாடமும் அதிலேயே முடிந்துவிடும். எழுதும் வாசகத்தைத் தமிழ்ச் சொல் ஆங்கில எழுத்தில், ஆங்கிலச் சொல் தமிழ் எழுத்தில் என்று மாற்றிக் கொடுங்கள். எழுத்து எது, மொழி எது என்று குழு சொல்ல வேண்டும்.

மூன்றாம் செயல்பாடு, நம் கதவு. ஆறு முதல் எட்டாம் வகுப்புக்கு ஏற்றது. நான்கு பேர் கொண்ட குழு, பதினெட்டு மெய்களுக்கும் புது வடிவம் உருவாக்க வேண்டும். நிபந்தனை இரண்டு. இன எழுத்துகளுக்கு ஒரே அடிப்படை வடிவம் இருக்க வேண்டும். வல்லினம், மெல்லினம், இடையினம் மூன்றுக்கும் மூன்று வேறு குறி இருக்க வேண்டும். பிறகு அந்த எழுத்தில் ஒரு வாசகத்தைக் கதவுப் படமாக வரைந்து பக்கத்துக் குழுவிடம் கொடுக்க வேண்டும். என் ஏழாம் வகுப்பில் இதைச் செய்தபோது, ஒரு குழு 'ய'கரத்தை எங்கே வைப்பது என்று சண்டை பிடித்தது. நாக்கு எங்கே படுகிறது என்று ஒருவர் வாயை ஒருவர் பார்த்து 'இய், இய்' என்று ஒலித்துக்கொண்டிருந்தார்கள். பிறப்பியல் வகுப்பில் அப்படி ஒரு சத்தத்தை நான் அதற்குமுன் கேட்டதில்லை. அந்த வகுப்பில் எழுத்துக் கூட்டத் திணறிய இரண்டு பிள்ளைகள் தங்கள் குழுவின் எழுத்தைப் பிழையில்லாமல் படித்தார்கள். புது எழுத்துக்கு முன்னால் எல்லாரும் முதல் வகுப்புதான். முன்னால் ஓடியவன், பின்னால் நின்றவன் என்ற கணக்கு அங்கே இல்லை. அந்தத் துணிச்சலோடு அவர்களைத் தமிழ் எழுத்துக்கு அழைத்து வந்தது அடுத்த வாரத்து வேலை.

'பாடத்தை முடிக்கவே நேரம் இல்லையே' என்ற கேள்வி வரும். நியாயமான கேள்விதான். நான் கேட்பது மாதத்துக்கு ஒரு பாடவேளை. அதையும் தனியாக எடுக்க வேண்டாம். பிறப்பியல், வேற்றுமை, நிறுத்தக்குறி, நிறங்காட்டி என்று எப்படியும் நடத்தப்போகிற பாடங்களுக்குள்ளேயே இவை அடங்கிவிடுகின்றன.

ஒரு வேண்டுகோளோடு முடிக்கிறேன். அடுத்த குறுவள மையக் கூட்டத்துக்கு வரும்போது, 'இவனுக்குப் படிப்பு வராது' என்று நீங்கள் நினைத்திருக்கும் ஒரே ஒரு பிள்ளையைப் பற்றி அரைப் பக்கம் எழுதி எடுத்து வாருங்கள். பெயர் வேண்டாம். கண்ணுக்குத் தெரிவதிலா, ஒலிப்பதிலா, பொருள் உணர்வதிலா, எங்கே நிற்கிறான் என்பது மட்டும் போதும். அவனுக்கு எழுத்து எந்த வெளிச்சத்தில் தெரிகிறது என்பதைச் சேர்ந்து தேடுவோம்.